செங்கல் பொடி சிமெண்ட்

சிமெண்ட் லோடு வந்து இறங்கியதும் எங்கள் மேஸ்திரி ஒரு மூட்டையைப் பிரித்து முழங்கை வரை கையை உள்ளே விடுவார். உள்ளே சில்லென்று இருக்க வேண்டும். கட்டி தட்டுப்பட்டால் முகம் மாறிவிடும். பிறகு ஒரு சிட்டிகை எடுத்து விரல்களுக்கு நடுவே தேய்ப்பார். மாவு மாதிரி வழுக்க வேண்டும், மணல் மாதிரி நறநறக்கக் கூடாது. ஒரு பிடியை வாளித் தண்ணீரில் போட்டு, சற்று மிதந்து பிறகு மூழ்குகிறதா என்று பார்ப்பார். கடைசியாக நிறம். லேசாகப் பச்சை ஓடிய சாம்பல் நிறமாக இருந்தால்தான் மூட்டைக்கு அனுமதி. இதே சோதனைகள் சிவில் பாடப் புத்தகத்திலும் இருக்கின்றன. அவர் புத்தகம் படித்ததில்லை; தன்னுடைய மேஸ்திரியிடம் சித்தாளாக நின்று பார்த்துக் கற்றுக்கொண்டவர்.

மூட்டையில் கிட்டத்தட்ட பாதி சுட்ட களிமண்ணும் சுண்ணாம்புக்கல் பொடியுமாக இருக்கும் புது சிமெண்ட் ஒன்று வந்திருக்கிறது, அது லேசான செம்மண் நிறத்தில்கூட இருக்கலாம் என்று ஒருநாள் அவரிடம் சொன்னேன். "செங்கல் பொடி போட்ட சிமெண்டா? அதை வச்சுத் தளம் போடச் சொன்னா நான் ஆளை விடுங்கன்னு போயிடுவேன் சார்" என்றார்.

அவர் பயம் நியாயமானது. தளம் விரிசல் விட்டால் வீட்டுக்காரர் பிடிப்பது அவர் சட்டையைத்தான். ஆனால் "செங்கல் பொடி" என்று அவர் வாயில் வந்த சொல், அவருக்கே தெரியாமல், மிகச் சரியான சொல். அந்த சிமெண்டின் பெயர் எல்.சி.3. சுண்ணாம்புக்கல், சுட்ட, களிமண், சிமெண்ட் ஆகிய சொற்களின் ஆங்கில முதலெழுத்துகளான ஒரு எல், மூன்று சி ஆகியவற்றிலிருந்து வந்த பெயர். அதன் வேதியியலை விட, அதை நம்பலாம் என்று உலகத்துக்கு நிரூபித்த விதம்தான் என்னை அதிகம் ஈர்க்கிறது. கியூபாவில் ஒரு பல்கலைக்கழகம், சுவிட்சர்லாந்தில் ஒரு ஆய்வகம், டெல்லியிலும் சென்னையிலும் ஐ.ஐ.டி.கள் என்று பல இடங்களில் இருந்தவர்கள் ஒரே அளவுகோலை வைத்துக்கொண்டு வேலை செய்ததால் வந்த நம்பிக்கை அது.

முதலில், சிமெண்டில் அப்படி என்ன கோளாறு என்று பார்த்துவிடலாம்.

அரியலூர்ப் பக்கத்துச் சுண்ணாம்புக்கல் குவாரிகளில் நத்தை போலச் சுருண்ட அம்மோனைட் புதைபடிவங்கள் கிடைக்கும். கோடிக்கணக்கான ஆண்டுகளுக்கு முன் அங்கே கடல் இருந்தது. அந்தக் கடலின் உயிர்கள் ஓடாகவும் கூடாகவும் கட்டிய கார்பன்தான் கல்லாகிக் கிடக்கிறது. சிமெண்ட் ஆலை அந்தக் கல்லைக் களிமண்ணோடு சேர்த்து அரைத்து, சுமார் 1,450 டிகிரி செல்சியஸ் வரை சூளையில் சுடுகிறது. வெளியே வரும் கரடுமுரடான உருண்டைதான் கிளிங்கர். அதைக் கொஞ்சம் ஜிப்சத்தோடு சேர்த்து அரைத்தால் நாம் மூட்டையில் வாங்கும் சாதாரண சிமெண்ட்.

சுடும்போதுதான் சிக்கல். சுத்தமான சுண்ணாம்புக்கல் 100 கிலோவைச் சுட்டால் 56 கிலோ சுட்ட சுண்ணாம்பு மிஞ்சும். மீதி 44 கிலோ கரியமில வாயுவாக வானத்துக்குப் போய்விடும். இது எரிபொருள் புகை அல்ல, கல்லுக்குள் இருந்ததே வெளியேறுவது. நிலக்கரியை நிறுத்திவிட்டுச் சூரிய மின்சாரத்தில் சூளையை ஓட்டினாலும் இந்த 44 கிலோ குறையாது. கிளிங்கர் தயாரிப்பில் வெளியாகும் கரியமில வாயுவில் ஏறக்குறைய 60 சதவீதம் இப்படிக் கல்லிலிருந்தே வருகிறது. உலகம் ஆண்டுக்குச் சுமார் 400 கோடி டன் சிமெண்ட் தயாரிக்கிறது. மனிதர்கள் வெளியிடும் மொத்தக் கரியமில வாயுவில் 7 முதல் 8 சதவீதம் சிமெண்டின் கணக்கு. தயாரிப்பில் சீனாவுக்கு அடுத்த இடம் இந்தியாவுக்கு.

ஆகவே வழி ஒன்றுதான்: மூட்டைக்குள் கிளிங்கரைக் குறைக்க வேண்டும். இது நமக்குப் புதிதும் அல்ல. கடையில் பி.பி.சி. என்று கேட்டு வாங்கும் சிமெண்டில் 35 சதவீதம் வரை அனல் மின் நிலையச் சாம்பல் இருக்கலாம். இரும்பு ஆலைக் கசடு கலந்த சிமெண்டும் உண்டு. ஆனால் உலக அளவில் பார்த்தால் நல்ல கசடு அநேகமாக முழுவதும் ஏற்கெனவே பயன்பாட்டில் இருக்கிறது. அனல் மின் நிலையங்கள் குறையக் குறையச் சாம்பலும் குறையும். நிலக்கரியை விடச் சொல்லிவிட்டு நிலக்கரிச் சாம்பலை நம்பி எத்தனை காலம் வீடு கட்ட முடியும்? ஏராளமாக, எல்லா நாட்டிலும் கிடைக்கிற ஒரு பொருள் வேண்டும். அப்படி இருப்பது களிமண்.

இங்கேதான் மேஸ்திரியின் செங்கல் பொடி வருகிறது. செங்கல்லை இடித்துச் சுண்ணாம்புச் சாந்தில் கலப்பது இந்தியக் கட்டடக் கலையில் பழைய பழக்கம்; அந்தப் பொடிக்குச் சுர்க்கி என்று பெயர். 1895-இல் கட்டி முடித்த முல்லைப் பெரியாறு அணையின் சாந்து சுண்ணாம்பும் சுர்க்கியும் கலந்ததுதான். களிமண்ணை அளவாகச் சுட்டால் அதில் இருக்கும் நீர் மூலக்கூறுகள் கழன்று, அணுக்களின் ஒழுங்கு குலைந்து, சுண்ணாம்போடு வினை புரியும் துடிப்பு வந்துவிடுகிறது. இதை நம் முன்னோர்கள் வேதியியல் படிக்காமலே கண்டுபிடித்து வைத்திருந்தார்கள்.

"அளவாக" என்ற சொல்லில்தான் எல்லாம் இருக்கிறது. களிமண்ணிலும் பல ஜாதி உண்டு. அதில் கயோலினைட் என்ற கனிமம் கூடுதலாக இருக்கும் மண்தான் இதற்குத் தோது. அதை 700 முதல் 850 டிகிரி வரை சுட்டால் மெட்டா கயோலின் என்ற துடிப்பான பொருள் கிடைக்கும். சூடு அதற்கு மேல் எகிறினால் மண் மறுபடி இறுகி, வெறும் தூளாகிவிடும். செங்கல் சூளையில் ஒரு கல் வெந்தும் ஒரு கல் வேகாமலும் இருப்பதால் சுர்க்கியின் தரம் சூளைக்குச் சூளை மாறும். முன்னோர்கள் கைப்பக்குவத்தில் சமாளித்தார்கள். ஆலையில் லட்சம் மூட்டை போடுகிறவர்களால் அப்படி முடியாது.

மெட்டா கயோலின் சிமெண்டுக்கு உதவும் என்பது வெகு காலமாகத் தெரியும். ஆனால் அதை 30 சதவீதத்துக்கு மேல் கலப்பது கடினமாக இருந்தது. சிமெண்டிலிருந்து கிடைக்கும் சுண்ணாம்பு அதற்குப் போதாது. சுண்ணாம்புக்கல்லைச் சுடாமலே பொடியாக்கிக் கலப்பதும் தெரியும். ஆனால் அதை அதிகம் சேர்த்தால் வலு குறையும். இரண்டையும் சேர்த்துப் போட்டால் என்ன ஆகும் என்பதுதான் திருப்புமுனையான கேள்வி. மெட்டா கயோலினில் உள்ள அலுமினாவும், சுண்ணாம்புக்கல்லில் உள்ள கார்பனேட்டும், சிமெண்டிலிருந்து வரும் சுண்ணாம்பும் கூடிப் புதிய படிகங்களை உண்டாக்கி, கான்கிரீட்டுக்குள் இருக்கும் நுண்துளைகளை அடைக்கின்றன. தனித்தனியாக ஓர் அளவுக்கு மேல் கலக்க முடியாத இரண்டு பொருள்கள், சேரும்போது ஒன்றுக்கொன்று கை கொடுக்கின்றன. இதை விரிவாகக் காட்டிய ஆய்வு 2012-இல் வெளிவந்தது. வழக்கமான எல்.சி.3 கலவை இதுதான்: 50 சதவீதம் கிளிங்கர், 30 சதவீதம் சுட்ட களிமண், 15 சதவீதம் சுண்ணாம்புக்கல் பொடி, 5 சதவீதம் ஜிப்சம். கயோலினைட் 40 சதவீதம் இருக்கிற மண்ணே போதும். ஏழே நாளில் சாதாரண சிமெண்டின் வலுவை எட்டிப் பிடிக்கிறது. கரியமில வாயு 30 முதல் 40 சதவீதம் வரை மிச்சம்.

பீங்கான் செய்யவும் காகிதத்துக்குப் பூசவும் வேண்டிய வெள்ளை வெளேர் மண் தேவையில்லை. சீனாக்களிமண் சுரங்கங்களில் இரும்புக் கறை ஏறியதால் ஒதுக்கிக் குவித்திருக்கும் மண்ணே உதவும். கிளிங்கருக்கு ஆகாது என்று தள்ளிய மட்டச் சுண்ணாம்புக்கல்லும் உதவும். அரியலூர் போன்ற ஊர்களில் குவாரியின் ஆயுள் பற்றிக் கவலைப்படுகிறவர்கள் இந்த இரண்டாவது விஷயத்தைக் கவனிக்க வேண்டும்.

இரண்டையும் சேர்த்துப் போட்டால் என்ன என்ற கேள்வி பிறந்த இடம் கவனிக்கத்தக்கது. கியூபாவின் நடுப்பகுதியில் சாந்தா கிளாரா என்ற ஊரில் லாஸ் வியாஸ் மத்தியப் பல்கலைக்கழகம் இருக்கிறது. 1991-இல் சோவியத் ஒன்றியம் உடைந்ததும் கியூபாவுக்கு எரிபொருள் வரத்து வற்றியது. சூளை எரிக்க வழியில்லை, சிமெண்ட் தட்டுப்பாடு. அந்தக் காலத்தில் ஃபெர்னாண்டோ மார்த்திரேனாவும் அவருடைய குழுவும் சுண்ணாம்பையும் எரிமலைச் சாம்பல் போன்ற பொருள்களையும் வைத்துச் சிறு பட்டறைகளில் மாற்று சிமெண்ட் செய்து வீடு கட்டுவதற்கு வழி தேடிக்கொண்டிருந்தார்கள். காலநிலை பற்றிய மாநாட்டுப் பேச்சு அல்ல அது. கூரை போட வேண்டிய அவசரம். அவர்களுக்கும் லோசான் நகரத்துச் சுவிஸ் தொழில்நுட்பக் கழகத்தின் பேராசிரியர் கேரன் ஸ்க்ரிவனருக்கும் ஏற்பட்ட தொடர்பிலிருந்துதான் எல்.சி.3 வளர்ந்தது. கியூபாவிடம் தேவையும், கட்டி அனுபவப்பட்ட கைகளும் இருந்தன. லோசானிடம் ஒரு சிமெண்ட் துகளுக்குள் என்ன நடக்கிறது என்று பார்க்கும் நுண்ணோக்கிகள் இருந்தன. இருவரில் ஒருவர் இல்லாமல் இது நடந்திருக்காது என்பது என் எண்ணம். 2013-இல் கியூபாவின் சிகுவானே ஆலையில் ஆலை அளவில் சோதனை ஓட்டம் நடந்தது.

அடுத்த கண்ணி இந்தியா. லோசானில் ஸ்க்ரிவனரிடம் முனைவர் பட்ட ஆய்வு செய்த ஷஷாங்க் பிஷ்னோய் டெல்லி ஐ.ஐ.டி.யில் ஆசிரியரானார். சென்னை, பம்பாய் ஐ.ஐ.டி.களும், டெவலப்மென்ட் ஆல்டர்னேட்டிவ்ஸ் அமைப்பின் தாரா பிரிவும் சேர்ந்துகொண்டன. சுவிஸ் அரசின் வளர்ச்சி உதவி முகமை பணம் தந்தது. பொதுப் பணத்தில் நடந்ததால் செய்முறையும் சோதனை முடிவுகளும் கட்டுரைகளாகவும் பயிற்சிகளாகவும் எல்லோருக்கும் கிடைத்தன. ஜான்சியில் எல்.சி.3 சிமெண்டிலேயே ஒரு மாதிரி வீடு கட்டினார்கள். சுட்ட களிமண் பற்றிய சர்வதேச மாநாடுகள் 2015-இல் லோசானிலும், 2017-இல் ஹவானாவிலும், 2019-இல் டெல்லியிலும் நடந்தன. இந்த மூன்று ஊர்ப் பெயர்களை வரிசையாகப் படித்தாலே வலைப்பின்னல் எப்படி இருந்தது என்று புரியும்.

ஆனால் நட்பும் மாநாடும் இருந்தால் மட்டும் அறிவு பரவிவிடாது. களிமண் விஷயத்தில் ஒரு அடிப்படைச் சங்கடம் உண்டு. கட்ச் மண் வேறு, கேரளத்து மண் வேறு, கியூபா மண் வேறு. ஒரு ஆய்வகம் "எங்கள் மண் நன்றாக வேலை செய்கிறது" என்று சொன்னால் இன்னொரு ஊர்க்காரருக்கு அதனால் ஒரு பயனும் இல்லை. அதுவும் ஆளுக்கொரு முறையில் சோதித்தால் ஒப்பிடவே முடியாது. பழைய முறைகள் சில 28 நாள் காத்திருக்க வைத்தன. சிலவற்றின் விடைக்கும் உண்மையான வலுவுக்கும் சம்பந்தமே இல்லை.

இதைச் சரிசெய்தது ரைலெம். கட்டுமானப் பொருள் ஆய்வகங்களின் சர்வதேச அமைப்பு அது, 1947-இல் தொடங்கியது. சென்னை ஐ.ஐ.டி.யின் ரவீந்திர கெட்டு அதன் தலைவராக இருந்திருக்கிறார். ரைலெமின் குழு ஒன்று செய்த வேலை வெளியிலிருந்து பார்த்தால் சலிப்பூட்டும் வேலை. ஒரே பொருளைப் பொட்டலம் கட்டிப் பல நாட்டு ஆய்வகங்களுக்கு அனுப்பினார்கள். எல்லோரும் அதே சோதனைகளைச் செய்து எண்களை அனுப்ப வேண்டும். எந்தச் சோதனையின் விடை எல்லா ஆய்வகத்திலும் ஒத்துப்போகிறது, எது கான்கிரீட்டின் உண்மையான வலுவோடு பொருந்துகிறது என்று சலித்தார்கள். சலித்து நின்றது ஆர்3 என்ற சோதனை. மண்ணைச் சுட்டு, நீற்றிய சுண்ணாம்பு, சுண்ணாம்புக்கல் பொடி, கொஞ்சம் பொட்டாசிய உப்புகளோடு தண்ணீர் விட்டுக் குழைத்து, 40 டிகிரி சூட்டில் ஏழு நாள் வைக்க வேண்டும். வினை நடக்கும்போது வெளியாகும் வெப்பத்தை அளந்தால் மண்ணின் துடிப்பு எண்ணாகக் கிடைத்துவிடும். சிமெண்டே தேவையில்லை. 2020-இல் இது அமெரிக்காவின் ஏ.எஸ்.டி.எம். தரநிலையாகவும் ஆனது.

எங்கள் மேஸ்திரி மூட்டைக்குள் கைவிட்டுப் பார்ப்பதற்கும் இதற்கும் நோக்கம் ஒன்றுதான். அவருடைய கை அவருக்கு மட்டும் விடை சொல்லும். ஆர்3 எண்ணை சாந்தா கிளாராவில் ஒருவர் சொன்னால் சென்னையில் இன்னொருவர் நம்பலாம். சுற்றுச்சூழல் அறிவியலில் கூட்டுழைப்பு என்று சொல்லும்போது புரிந்துணர்வு ஒப்பந்தங்களும் குழுப் படங்களும்தான் கண்ணில் படுகின்றன. பொட்டலம் கட்டி அனுப்பியவர்கள், எண் ஒத்து வராதபோது மறுபடி செய்து பார்த்தவர்கள், இவர்கள் பெயர் எந்தச் செய்தியிலும் வருவதில்லை. இந்த சிமெண்டை நிற்க வைத்தவர்கள் அவர்கள்தான்.

சென்னை ஐ.ஐ.டி.யின் பங்களிப்பு நம் கடற்கரைக்கு நேரடியாக வேண்டியது. ராதாகிருஷ்ண பிள்ளை, மனு சந்தானம், கெட்டு ஆகியோர் சேர்ந்த குழு, எல்.சி.3 கான்கிரீட்டின் ஆயுளையும் கார்பன் கணக்கையும் ஒன்றாக வைத்துப் பார்த்தது. கடல் காற்றில் வரும் உப்பு கான்கிரீட்டுக்குள் ஊடுருவிக் கம்பியைத் துருப்பிடிக்க வைக்கும். சென்னையிலோ நாகப்பட்டினத்திலோ பால்கனித் தளத்தின் அடியில் பூச்சு பெயர்ந்து துருக்கம்பி பல்லிளிப்பதைப் பார்க்காதவர் இருக்க முடியாது. நுண்துளைகள் அடைபட்ட எல்.சி.3 கான்கிரீட்டில் உப்பு நுழைவது மிகவும் மெதுவாகிறது. ஒரு கட்டடம் இரு மடங்கு காலம் நின்றால் அதன் கார்பன் கணக்கை ஆண்டுக்கு இவ்வளவு என்றுதான் வகுத்துப் பார்க்க வேண்டும். அப்படிப் பார்த்தால் கடலோரத்தில் மிச்சம் மேலும் கூடுகிறது.

குறைகளையும் சொல்ல வேண்டும். உப்பைத் தடுக்கும் இதே கலவை, காற்றில் இருக்கும் கரியமில வாயு கான்கிரீட்டுக்குள் புகுந்து அதன் காரத்தன்மையைக் குறைக்கும் விஷயத்தில் சாதாரண சிமெண்டை விடப் பலவீனமானது. கம்பியைக் காப்பது அந்தக் காரம்தான். கடலிலிருந்து தள்ளி இருக்கும் ஊர்களில் இதைக் கணக்கில் வைத்துக் கம்பிக்கு மேல் போதிய கனத்தில் கான்கிரீட் மூடியிருக்க வேண்டும், நன்றாக நனைக்கவும் வேண்டும். இன்னொன்று, சுட்ட களிமண்ணின் துகள்கள் தட்டையானவை, தண்ணீரை உறிஞ்சும். கலவை சட்டென்று இறுகலாகத் தோன்றும். இதற்கென்று உள்ள இளக்கி மருந்தைக் கலக்க வேண்டும். நம் ஊர் வேலை இடத்தில் கலவை இறுகினால் என்ன நடக்கும் என்று எல்லோருக்கும் தெரியும்: "இன்னும் ஒரு வாளி ஊத்து" என்பார்கள். அந்த ஒரு வாளி லோசானிலும் சென்னையிலும் பத்தாண்டு செய்த உழைப்பைக் கரைத்துவிடும்.

செம்மண் நிறப் பிரச்சினைக்கும் வழி கண்டிருக்கிறார்கள். மண்ணில் உள்ள இரும்புதான் சிவப்புக்குக் காரணம். சூளையிலிருந்து வெளிவந்து ஆறும்போது ஆக்சிஜன் குறைவான சூழலில் வைத்தால் இரும்பு கருஞ்சாம்பல் நிறத்துக்கு மாறிவிடுகிறது. வலுவுக்கும் நிறத்துக்கும் தொடர்பே இல்லை. வாங்குகிறவர் கண்ணுக்காக ஆலைகள் இதற்கெனத் தனி ஏற்பாடு செய்கின்றன என்றால், நம்பிக்கை என்பது எவ்வளவு பெரிய செலவு என்று புரியும்.

2023-இல் இந்தியத் தர நிர்ணய அமைவனம் இந்த சிமெண்டுக்கென்று ஐ.எஸ். 18189 என்ற தரநிலையை வெளியிட்டது. இந்த ஒரு எண்ணின் அருமை அரசு வேலை செய்தவர்களுக்குத் தெரியும். தரநிலை இல்லாத பொருளை எந்தப் பொறியாளரும் எஸ்டிமேட்டில் எழுத முடியாது, தணிக்கையில் மாட்டுவார். ஆய்வகத்தில் எத்தனை கட்டுரை வந்தாலும், ஐ.எஸ். எண் ஒன்று கிடைத்த பிறகுதான் பொருளுக்குப் பேச்சே தொடங்குகிறது.

சிமெண்டைத் தவிர்க்கும் வழியில் உழைக்கும் வலைப்பின்னல்களும் உண்டு. ஆரோவில் மண் கட்டுமான நிறுவனம், பிரான்சின் கிரனோபிளில் இருக்கும் மையத்தோடும் யுனெஸ்கோவின் மண் கட்டடக்கலை இருக்கையோடும் இணைந்து, சுமார் 5 சதவீதம் சிமெண்ட் மட்டும் சேர்த்து அழுத்திச் செய்யும் சுடாத மண் கற்களில் கட்டக் கற்றுக் கொடுக்கிறது. இரண்டு மாடி வீட்டுக்குச் சுவர் எழுப்ப அது அருமையான வழி. பாலத்துக்கும் மெட்ரோ தூணுக்கும் சிமெண்ட் வேண்டும். ஆகவே இரண்டும் வேண்டும் என்பதே என் நிலை.

ஆரோவில் காட்டும் பாடம் ஒன்றை எல்.சி.3 வலைப்பின்னல் எடுத்துக்கொள்ள வேண்டும் என்று நினைக்கிறேன். அங்கே பயிற்சிக்கு வருகிறவர்களில் கட்டடக் கலைஞர்களும் உண்டு, கொத்தனார்களும் உண்டு. எல்லோரும் மண்ணைக் கையால் பிசைந்து உருட்டிப் பார்க்கிறார்கள். சிமெண்ட் ஆய்வகங்களின் வலைப்பின்னல் பேராசிரியர், ஆலை, தரநிலைக் குழு என்று மூன்று படி இறங்கி வந்திருக்கிறது. நான்காவது படியில் கலவை போடுகிறவர் நிற்கிறார். அவருக்குத் தெரிய வேண்டியது ஒரு பக்கத்தில் அடங்கும்: நிறம் வேறாக இருக்கலாம், கலவை இறுகலாகத் தெரிந்தால் தண்ணீர் ஊற்றக் கூடாது, தளத்தில் பாத்தி கட்டித் தண்ணீர் நிறுத்துவதை வழக்கத்தை விட நாள் கூட்டிச் செய்ய வேண்டும், தூணைச் சாக்குச் சுற்றி நனைக்க வேண்டும்.

முல்லைப் பெரியாறும் செங்கல் பொடியில் நிற்பதுதான் என்று நான் சொன்னபோது மேஸ்திரி சற்று நேரம் பேசவில்லை. பிறகு அவர் கேட்ட முதல் கேள்வி, "எத்தனை நாள் சார் நனைக்கணும்?" பத்து நாளுக்குக் குறையக் கூடாது, பதினான்கு என்றால் நல்லது என்றேன். "பதினாலு நாளைக்குத் தண்ணி வேணும்னா போர் மோட்டாருக்கு ஆள் போடச் சொல்லுங்க வீட்டுக்காரர்கிட்ட" என்று சொல்லிவிட்டு, வாளியில் மிதந்த சிமெண்ட் மூழ்கிவிட்டதா என்று குனிந்து பார்த்தார்.